மாட்டுக்குச் சொன்ன சேதி

கோழி வளர்த்து அண்ணன் தம்பி குடும்பம் கெட்டது என்று யாராவது சொன்னால் நம்புவீர்களா? வடமதுரையில் வந்து பார்த்தால் நம்புவீர்கள்.

அய்யம்மாளின் பெட்டைக்கோழி தினமும் பக்கத்து அரவை மில்லுக்குள் புகுந்து தவிட்டுக் குவியலில் முட்டையிட்டதும், மில்லுக்காரி முத்துப்பேச்சி அதை விளக்குமாற்றால் விரட்டியதும், அண்ணன் தம்பியைக் கட்டிய ஓரகத்திகள் இருவரும் அன்றோடு பேச்சை நிறுத்திக்கொண்டதும் போன மாசத்துச் சங்கதி. அந்தக் கோழி குழம்பாகிக்கூடப் போய்விட்டது. கோபம்தான் இன்னும் வேகவில்லை.

இரண்டு பெண்கள் பேசாமலிருந்தால் ஊருக்கு என்ன நஷ்டம் என்று கேட்கலாம். ஊருக்கு ஒன்றுமில்லை. முத்துப்பேச்சிக்குத்தான் தலைபோகிற நஷ்டம். அது நேற்றுப் பொழுதடையும் நேரத்தில், திண்டுக்கல் லைசன்ஸ் ஆபீஸ் பியூனின் சைக்கிளில் ஏறி வந்தது.

"நெல் அரவை லைசன்ஸ் ரத்து செய்யப்படுகிறது. நாளை மாலை மில்லுக்கு சீல் வைக்கப்படும்."

காரணமும் போட்டிருந்தது. லைசன்ஸ், நெல்லில் உமி நீக்கும் ஹல்லர் ஒன்றுக்கு. அவள் திருட்டுத்தனமாக இரண்டு ஓட்டுகிறாளாம். விளக்கம் கேட்டுக் கூப்பிட்டும் அவள் ஆஜராகவில்லையாம்.

"யாரு என்னையக் கூப்புட்டது?" என்றாள் முத்துப்பேச்சி. பியூன் அதற்குள் சைக்கிளைத் திருப்பிக்கொண்டு போய்விட்டான்.

இரண்டாவது ஹல்லர் ஒன்று இருப்பது நிஜம்தான். புருஷன் சோலைமுத்து இருந்த காலத்தில் பல் தேய்ந்துபோய்க் கழற்றிப் போட்டது. மில்லுக்குப் பின்னால் கொட்டகையில் துருப்பிடித்துக் கிடக்கிறது. மின்னல் வேகத்தில் வந்த காய்ச்சலில் சோலைமுத்து போனபிறகு, லைசன்ஸைத் தன் பெயருக்கு மாற்றிக்கொண்டு, ஆயில் இன்ஜினுக்குக் கயிறு சுற்றி இழுக்கவும் கற்றுக்கொண்டு, மகள் சின்னக்கண்ணுவை வளர்த்துவருகிறவள் அவள். மில்லு நின்றால் உலை கொதிக்காது. அவ்வளவுதான் விஷயம்.

காலையில் முதல் பஸ்ஸுக்கே கிளம்பிவிட்டாள். ஊரார் அவித்துக் காயவைத்து இறக்கிவிட்டுப் போன நெல் மூட்டைகள் அடுக்கடுக்காக வாசல்வரை நின்றன. சீல் விழுந்தால் அத்தனை பேரும் வந்து அவள் குரல்வளையைத்தான் பிடிப்பார்கள்.

துணைக்கு அவள் தம்பி கண்ணுசாமி வந்தான். பிறந்த ஊரான பாலசமுத்திரத்தில் தேங்காய் வியாபாரம். சேதி யார் சொன்னார்களோ, ராத்திரியே வந்து சேர்ந்துவிட்டான். கூடப் பிறந்தவன் என்றால் இப்படியல்லவா இருக்க வேண்டும் என்று அவளுக்குக் கண் கலங்கியது.

பஸ்ஸில் அவன் வாய் ஓயவில்லை.

"அக்கா, நாஞ் சொல்றதக் கேளு. ஆபீஸ்காரன்கிட்டப் போயி மல்லுக்கட்டி ஒண்ணும் ஆகப்போறதில்ல. உத்தரவு போட்டாச்சு. அந்த இன்ஜின வித்துப்போட்டு நம்மூருக்கே வந்துரு. சின்னக்கண்ணுவ நான் பாத்துக்க மாட்டனா?"

"என்னைய ஒரு வார்த்தை கேக்கலியேடா. திருடனப் புடிச்சாக்கூட, ஏண்டா திருடுனன்னு கேட்டுட்டுத்தான அடிப்பாக?"

"சர்க்கார்கிட்ட நாயம் பேச முடியுமாக்கா?"

"நான் பேசிப் பாக்குறேன். பேசத்தானே போறேன், அடிக்கவா போறேன்?"

நாகல் நகரில் பாதிப் பஸ் காலியானது. அப்போதுதான் முன் இருக்கையில் அந்த வெள்ளைத் துண்டையும் அகலமான முதுகையும் பார்த்தாள் முத்துப்பேச்சி. அவள் மூத்தார் ஆண்டிச்சாமி. சோலைமுத்துவின் உடன்பிறந்த அண்ணன், அய்யம்மாளின் புருஷன். பக்கத்துப் பக்கத்து வீடு, பொதுக் களம்.

தான் விழுவதை வேடிக்கை பார்க்க இவரும் கிளம்பிவிட்டாரா?

மூத்தாரிடம் தம்பி பெண்டாட்டி நேருக்கு நேர் பேசுவது அந்தக் குடும்பத்தில் வழக்கமில்லை. அவர் வந்தால் இவள் எழுந்து உள்ளே போக வேண்டும். இவள் களத்தில் நின்றால் அவர் இருமிவிட்டு வர வேண்டும். சொல்ல வேண்டியது எதுவானாலும் அய்யம்மாள் வாய்வழியாகத்தான் போகும், வரும். அவள் இல்லாத நேரத்துக்கு அதற்கும் ஒரு வழி உண்டு. ஆண்டிச்சாமி தொழுவத்துக் காளையைப் பார்த்து, "நாளைக்குக் கெணத்துத் தண்ணி மொறை நம்ம பக்கம்பா" என்பார். இவள் சின்னக்கண்ணுவைப் பார்த்து, "சரின்னு சொல்லுடி" என்பாள். கல்யாணமாகி வந்த பதினாலு வருஷமாக இப்படித்தான் ஓடுகிறது. காளைகள் இரண்டு தலைமுறை மாறிவிட்டன.

ஆபீஸ் வராந்தாவில் வெகுநேரம் காத்திருந்தார்கள். ஆண்டிச்சாமி எட்டத்தில் ஒரு தூணோரம் நின்றார். அவர் பார்வை முத்துப்பேச்சியின் பக்கம் வரவில்லை, கண்ணுசாமியின் மேலேயே இருந்தது. கண்ணுசாமி அந்தப் பக்கம் திரும்பவே இல்லை.

"வாக்கா, போலாம். இன்னைக்கு நம்மளக் கூப்பிட மாட்டாங்க" என்று இரண்டு தரம் எழுந்தான். இரண்டு தரமும் அவள் கையைப் பிடித்து உட்கார வைத்தாள்.

ஒருவழியாகக் கூப்பிட்டார்கள்.

லைசன்ஸ் அதிகாரி தஞ்சாவூர்ப் பக்கத்து மனிதர். மாற்றலாகி வந்து கொஞ்ச நாள்தான் ஆகிறது. கெட்டவர் என்று சொல்ல முடியாது. சிரித்தால் மட்டும் சம்பளத்தில் பிடித்துவிடுவார்களோ என்று பயப்படுகிறவர் போல இருந்தார்.

"என்னம்மா, உத்தரவு போட்ட பிறகு வந்து நிற்கிறீங்க? கூப்பிட்டபோது வரணும்."

"கூப்புடலீங்கய்யா."

"நோட்டீஸ் அனுப்பியிருக்கு. வாங்கிக் கையெழுத்தும் போட்டிருக்கு."

"நான் கையெழுத்துப் போடலீங்கய்யா. எனக்கு அப்படி ஒரு காகிதம் வந்ததே தெரியாது. ஒரு ஹல்லர்தான் ஓடுது. இன்னொண்ணு துருப்புடிச்சுக் கெடக்கு. ஒரு தடவ வந்து பாத்திருந்தாப் போதும். பாக்காம, கேக்காம ரத்துன்னு எழுதிப்புட்டீகளே. நான் ஒத்தைப் பொம்பள, புள்ளைய வச்சுக்கிட்டு எங்க போவேன்?"

அழுதுவிடக் கூடாது என்று பல்லைக் கடித்துக்கொண்டாள்.

அதிகாரி ஃபைலைப் புரட்டினார். "ஆண்டிச்சாமி என்று கையெழுத்து இருக்கு. யார் அது?"

ஆகக்கூடி, மூத்தார்தான் வாங்கி வைத்துக்கொண்டாரா? களமும் மில்லும் சேர்ந்தால் அவருக்கு வசதிதான். தம்பி செத்த வீடு என்றுகூடப் பார்க்கவில்லையே பாவி!

"வெளியதான் நிக்கிறாருங்க" என்றார் குமாஸ்தா.

ஆண்டிச்சாமி துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு உள்ளே வந்தார். முத்துப்பேச்சி பழக்கத்தில் சுவரோரம் ஒதுங்கினாள்.

"இது உங்க கையெழுத்தா?"

"ஆமாங்க. இவுக பாலசமுத்திரம் போயிருந்தாக. அண்ணன்தானே, நீ வாங்கிக்கன்னு பியூன் குடுத்தாரு."

"இவங்ககிட்ட சொன்னீங்களா?"

"சொன்னேங்க. இவுக ஊருலருந்து வந்த மறுநாளே சொன்னேன்."

முத்துப்பேச்சி திடுக்கிட்டு நிமிர்ந்தாள். "இல்லீங்கய்யா! சத்தியமா இல்ல!"

அதிகாரி மூக்குக் கண்ணாடியைக் கழற்றி மேஜையில் வைத்தார். "இரண்டு பேரில் ஒருத்தர் பொய் சொல்றீங்க. நோட்டீஸ் உங்களுக்குத் தெரிந்திருந்தால் என் உத்தரவு சரி. தெரியாமலே போயிருந்தால் உத்தரவு செல்லாது. இவர் சொல்வதை நீங்க மறுக்கிறதானால் நீங்கதான் இவரைக் கேள்வி கேட்கணும். கேளுங்க."

"நானா?"

"நீங்கதான். நேராகக் கேளுங்க."

கண்ணுசாமி பின்னாலிருந்து, "வேண்டாக்கா, வா" என்று முணுமுணுத்தான். முத்துப்பேச்சி ஓரடி முன்னால் வந்தாள். இந்த மனிதரை என்ன சொல்லிக் கூப்பிடுவது? கூப்பிட்டே பழக்கமில்லையே. காளை இருந்தாலாவது காளையைப் பார்த்துக் கேட்கலாம். இங்கே மேஜையும் நாற்காலியும்தான் இருந்தன.

முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டாள். முகம் பாதி சுவரைப் பார்த்திருந்தது.

"சின்னக்கண்ணு பெரியப்பா..."

ஆண்டிச்சாமியின் தோள் ஒரு தரம் குலுங்கியது. அவரும் அந்தக் குரலைத் தனக்கென்று கேட்பது அதுதான் முதல் தடவை.

"எங்கிட்டயா சொன்னீக?"

அவர் தரையைப் பார்த்தார். "மாட்டுக்கிட்டச் சொன்னேன்."

குமாஸ்தா களுக்கென்று சிரித்துவிட்டு வாயைப் பொத்திக்கொண்டார். அதிகாரிக்கு முகம் சிவந்தது. "என்னய்யா விளையாடறீங்களா? சர்க்கார் நோட்டீஸை மாட்டுக்கிட்டச் சொன்னீங்களா?"

இந்த இடத்தில் முத்துப்பேச்சி வாயை மூடிக்கொண்டிருந்தால் அவள் கட்சி அங்கேயே ஜெயித்திருக்கும். மூத்தாரைப் பார்த்து ஆபீஸே சிரித்திருக்கும். அவளோ வேறு வார்ப்பு.

"எங்க வழக்கம் அதுங்கய்யா" என்றாள். "எங்க ஓரகத்திக்கும் எனக்கும் பேச்சு வார்த்தை இல்ல. அப்ப அவுக மாட்டப் பாத்துச் சொன்னா எனக்குச் சொன்னதாத்தான் கணக்கு. அதுல பொய்யில்ல."

கண்ணுசாமி தலையில் கை வைத்துக்கொண்டான்.

"அப்படியானால் உங்களுக்குச் சொன்னதாகத்தானே ஆகிறது?" அதிகாரி பேனா மூடியைத் திறந்தார்.

அந்த மூடி திறந்த சத்தத்தில் முத்துப்பேச்சிக்குத் தன் மில்லின் கதவு சாத்துவது தெரிந்தது. வாசல் மூட்டைகள், சின்னக்கண்ணு, கொதிக்காத உலை எல்லாம் கண்முன் வந்து நின்றன. மறுநாள் என்றாரே? மறுநாள் அவள் எங்கே இருந்தாள்? ஊரிலிருந்து திரும்பிய மறுநாள் முழுக்க அரவை. கூட்டம் சாயங்காலம்வரை கலையவே இல்லை.

"இருங்கய்யா!"

இந்தத் தடவை அவள் சுவரைப் பார்க்கவில்லை. முந்தானை தோளிலிருந்து நழுவியதையும் கவனிக்கவில்லை. மூத்தாரின் முகத்தை நேராகப் பார்த்தாள்.

"நீங்க சொன்னப்ப மிஷினு ஓடிச்சா?"

அவர் ஜன்னல் பக்கம் பார்த்தார்.

"பெரியப்பா, உங்களத்தான். மிஷினு ஓடிச்சா, இல்லையா?"

"ஓடிச்சு."

"அது ஓடுறப்ப எதுத்தாப்புல நிக்கிற ஆளு பேசுறதே கேக்காது. களத்துல நின்னு மாட்டுக்கிட்டச் சொன்னா எனக்கு எப்படிக் கேக்கும்? உங்களுக்குத் தெரியாதா?"

"தெரியும்."

"தெரிஞ்சுமா?"

ஆண்டிச்சாமி துண்டை எடுத்து முகத்தைத் துடைத்தார். பொய் சொல்லிப் பழகாதவர்களுக்குப் பாதிப் பொய்யே பெரிய சுமை. அதை எங்காவது இறக்கி வைத்தால் போதும் என்றிருக்கும்.

"மிஷினு ஓடட்டும்னுதான் காத்துக்கிட்டிருந்தேன். சொல்லாம விட்ட பாவமும் எனக்கு வேணாம், உனக்குக் கேக்கவும் வேணாம்னு நெனச்சேன்."

அதிகாரி பேனாவை மூடினார். பிறகு குமாஸ்தாவிடம் சொன்னார்: "ரத்து உத்தரவை நிறுத்தி வையுங்க. சீல் வைக்க யாரும் போக வேண்டாம். லைசன்ஸ்தாரருக்குத் தகவல் போய்ச் சேரவில்லை. விசாரணையை முதலிலிருந்து நடத்தணும்."

மில்லு பிழைத்தது! முத்துப்பேச்சி பெஞ்சைப் பிடித்துக்கொண்டு நின்றாள். சந்தோஷமும் ஆத்திரமும் ஒன்றாகப் பொங்கிக்கொண்டு வந்தன.

"ஏன் பெரியப்பா? நான் உங்களுக்கு என்ன கெடுதல் பண்ணேன்? கோழிய வெரட்டுனதுக்கா?"

அவர் கண்ணுசாமியை ஒரு தரம் பார்த்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டார்.

"நான் ஒண்ணு சொல்லணும்" என்றார் குமாஸ்தா, யாரும் கேட்காமலே. "இவர் இரண்டு தடவை இங்கே வந்தாருங்க சார். தம்பி பெண்டாட்டிக்குப் பதிலா நான் விளக்கம் சொல்றேன், வேணும்னா வந்து கொட்டகையைப் பாருங்கன்னார். லைசன்ஸ் யார் பேரிலோ அவங்கதான் வரணும்னு திருப்பி அனுப்பிட்டேன்."

முத்துப்பேச்சிக்கு ஒன்றும் புரியவில்லை. கெடுக்க நினைத்தவர் எதற்காகத் தனக்காக வந்து நின்றார்?

"அம்மா, உட்காருங்க" என்றார் அதிகாரி. அவர் குரலில் இப்போது கொஞ்சம் ஈரம் இருந்தது. "உங்கமேல் என்ன புகார், யார் கொடுத்தது என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியது முறை. அதைத் தெரிந்துகொள்ளாமல் நீங்க எப்படிப் பதில் சொல்ல முடியும்? வாசிக்கிறேன்."

ஆண்டிச்சாமி சட்டென்று மேஜையருகே வந்தார். கைகள் தாமாகக் குவிந்தன.

"ஐயா, உங்களுக்குப் புண்ணியமாப் போகும். பேர மட்டும் வாசிக்காதீக. அபராதம் போடுங்க, நான் கட்டிர்றேன்."

"அது முறையில்லை. தெரிந்துகொள்வது அவங்க உரிமை."

"அக்கா, பஸ்ஸுக்கு நேரமாச்சு" என்றான் கண்ணுசாமி. அவன் ஏற்கெனவே கதவருகே நின்றுகொண்டிருந்தான்.

அதிகாரி வாசித்தார். பின்கொட்டகையில் இரண்டாவது ஹல்லர் இருப்பது, அது எந்த மூலையில் இருக்கிறது, எந்தக் கதவு வழியாகப் போனால் பார்க்கலாம் என்பது எல்லாம் விவரமாக இருந்தது. வெளியாள் எழுதியதாகத் தெரியவில்லை. கடைசியில் பெயர்.

"கண்ணுசாமி, தேங்காய் வியாபாரம், பாலசமுத்திரம்."

முத்துப்பேச்சி முதலில் அதிகாரியைப் பார்த்தாள். பிறகு மூத்தாரைப் பார்த்தாள். தம்பியைத் திரும்பிப் பார்க்க அவளுக்குக் கழுத்து வரவில்லை.

"இதுக்குத்தாம்மா" என்றார் ஆண்டிச்சாமி. மாடுமில்லை, அய்யம்மாளுமில்லை, அவளையே பார்த்துச் சொன்னார். "அவன் பேரு நோட்டீசுலயே போட்டிருந்துச்சு. புருஷனும் இல்ல, பெறந்த வீடும் இல்லன்னு ஆயிருச்சுன்னா நீ தாங்க மாட்டியேன்னு நெனச்சேன். நானே முடிச்சுப்புடலாம்னு பாத்தேன். என்னைய உள்ள விடல."

கதவருகிலிருந்து கண்ணுசாமியின் குரல் வந்தது. தேய்ந்துபோன குரல். "அக்கா... மில்லு இல்லன்னா நீ நம்மூருக்கு வந்துருவேன்னுதான்... வேற ஒண்ணும் இல்லக்கா."

வேறொன்றும் இல்லாமலா மெனக்கெட்டுப் புகார் எழுதுவான் ஒருத்தன்? அவள் கேட்கவில்லை. மூத்தாரிடம் கேட்க எங்கிருந்தோ வந்த வார்த்தை, இடுப்பில் தூக்கி வளர்த்த தம்பியிடம் கேட்க வரவில்லை. கண்ணீர் மட்டும் அதுபாட்டுக்கு வழிந்தது.

அதிகாரி தொண்டையைக் கனைத்துக்கொண்டார். "புகார்தாரர் இங்கேயே இருக்கார் போலிருக்கே. நல்லதாப் போச்சு. இப்பவே விசாரித்து முடித்துவிடலாம். நீங்க அவரையும் கேள்வி கேட்கலாம். கேட்கிறீங்களா?"

கண்ணுசாமி கதவைப் பிடித்துக்கொண்டு நின்றான். பிடிபட்ட கோழி இன்னும் கொஞ்சம் தெம்பாக இருக்கும்.

முத்துப்பேச்சி முந்தானையால் முகத்தை அழுந்தத் துடைத்தாள். துடைத்து முடித்தபோது அழுகை நின்றிருந்தது.

"வேண்டாமுங்கய்யா. சொல்லாமக் கொள்ளாம ஒரு ஆள நிறுத்தி வச்சுக் கேக்குறது நாயமில்ல. அதச் சொல்லத்தான் நானே இன்னைக்கு வந்தேன். அவனுக்கும் நோட்டீசு போடுங்க. என்னத்துக்குச் செஞ்சான்னு நல்லா யோசிச்சு வரட்டும்."

"சரி. எந்த விலாசத்துக்கு?"

"பாலசமுத்திரத்துக்குத்தான்" என்றாள் அவள், தம்பியைப் பாராமல். "பியூன்கிட்டச் சொல்லுங்கய்யா, அவன் கையிலயே குடுக்கணும். வீட்டுல எங்க ஆத்தா இருக்கும், தெரிஞ்சாத் தாங்காது. அது கையில குடுத்துர வேணாம்."